ஊர் கூடிப் போட்ட கையெழுத்து

சோளிங்கருக்கு ரயிலில் போகிறவர்களுக்கு முதலிலேயே ஓர் எச்சரிக்கை. சோளிங்கர் ரயில்வே ஸ்டேஷன் சோளிங்கரில் இல்லை! அது இருப்பது பாணாவரத்தில். இறங்கி, பஸ்ஸோ ஆட்டோவோ பிடித்துத்தான் யோக நரசிம்மர் மலையடிவாரத்துக்குப் போய்ச் சேர வேண்டும்.

நாம் இந்த வாரம் மலை ஏறப் போவதில்லை. அதே ஸ்டேஷனில் சென்னைப் பக்கம் போகிற ரயிலில் ஏறிக்கொள்வோம். அரக்கோணத்தில் மின்சார ரயிலுக்கு மாறினால் திருவள்ளூர், புட்லூர் தாண்டி செவ்வாப்பேட்டை ரோடு. அந்தப் பக்கத்தில் இருக்கிறது திரூர். எழுத்தச்சன் பிறந்த கேரளத்துத் திரூர் இல்லை, இது நம்ம ஊர் திரூர். ரயிலில் போகிற ஆயிரம் பேரில் ஒருவர்கூட ஜன்னல் வழியாக எட்டிப் பார்க்காத, சாதாரண நெல் விளைகிற கிராமம்.

ஆனால், இந்தக் கிராமத்துக்கு இரண்டு பெருமைகள் உண்டு. ஒன்று பணம் சம்பந்தப்பட்டது. இன்னொன்று நெல் சம்பந்தப்பட்டது. விவசாயிக்கு இந்த இரண்டையும் விட்டால் வேறென்ன இருக்கிறது?

முதலில் பணக் கதை.

1876ல் ஆரம்பித்து 1878 வரை சென்னை மாகாணத்தை ஒரு பஞ்சம் உலுக்கிப் போட்டது. தாது வருஷப் பஞ்சம் என்று உங்கள் பாட்டியின் பாட்டி சொல்லியிருப்பார். லட்சக்கணக்கில் ஜனங்கள் செத்தார்கள். பிழைத்தவர்களுக்கு உயிர் மிஞ்சியது. கூடவே கடனும் மிஞ்சியது. மாடு போய்விட்டது, விதை நெல்லைத் தின்றாகிவிட்டது. அடுத்த மழைக்கு ஏர் கட்ட வேண்டுமென்றால் யாரிடம் போய் நிற்பது?

பணம் வைத்திருக்கிறவரிடம்தான். அவர் பெரிய பண்ணையாராக இருப்பார், இல்லையென்றால் கடைத்தெரு வியாபாரியாக இருப்பார். 'ஒரு மூட்டை வாங்கிட்டுப் போ, அறுப்புல ஒன்றரை மூட்டையா அளந்துடு' என்பார். ஒரே போகத்துக்கு ஐம்பது சதவீத வட்டி! அறுப்பு பொய்த்தால் அந்த வட்டியும் அசலோடு சேரும். பத்திரத்தில் கைநாட்டு வைத்தவனின் பேரன் காலத்தில் அந்த நிலமே பத்திரக்காரரின் பட்டாவில் இருக்கும்.

இது தமிழ்நாட்டுக் கதை மட்டுமல்ல. 1875ல் புனா மாவட்டத்தில் சூபா என்கிற ஊரில் விவசாயிகள் திரண்டு, வட்டிக்காரர்களின் வீடு புகுந்து கடன் பத்திரங்களைத் தேடித் தேடிக் கொளுத்தினார்கள். கவனியுங்கள், அவர்களுடைய முக்கியக் குறி நகை இல்லை, பத்திரம்! தக்காணக் கலவரம் என்று சரித்திரம் அதைக் குறித்து வைத்திருக்கிறது. வெள்ளைக்கார அரசாங்கம் பயந்தது. கடன் வாங்கின குடியானவனைக் காப்பாற்ற 1879ல் ஒரு சட்டம், கிணறு வெட்டக் கடன் கொடுக்க 1883ல் ஒரு சட்டம், விதைக்கும் மாட்டுக்கும் கடன் கொடுக்க 1884ல் இன்னொரு சட்டம் என்று வரிசையாகப் போட்டது. ஆனால், சர்க்கார் கடன் வாங்க கிராமக் கணக்குப்பிள்ளையில் ஆரம்பித்து ஒவ்வொரு வாசலாக நிற்க வேண்டும். பண்ணையார் வீட்டுத் திண்ணையில் ராத்திரி பத்து மணிக்குப் போனாலும் பணம் கிடைக்கும். யாரிடம் போவான் சொல்லுங்கள்?

இந்த இடத்தில்தான் ஃபிரெடரிக் நிக்கல்சன் வருகிறார்.

ஐ.சி.எஸ். அதிகாரி. கோயம்புத்தூர் மாவட்டத்துக்கு விலாவாரியாக மேனுவல் எழுதியவர். 1892ல் சென்னை அரசாங்கம் அவரை அழைத்து, 'ஐரோப்பாவில் விவசாயிக்கு எப்படிக் கடன் கொடுக்கிறார்கள் என்று பார்த்துவிட்டு வந்து சொல்லுங்கள்' என்று வேலை கொடுத்தது. மனிதர் சும்மா போய்ச் சுற்றிவிட்டு வரவில்லை. 1895ல் ஒன்று, 1897ல் ஒன்று என்று இரண்டு தடி தடி வால்யூம்களாக அறிக்கை கொடுத்தார். சென்னை மாகாணத்துக் கிராமங்களின் மொத்தக் கடன் அந்தக் காலத்துக் காசில் 45 கோடி ரூபாய் இருக்கும் என்று கணக்குப் போட்டவரும் அவர்தான். அத்தனை பக்கங்களையும் பிழிந்தால் கிடைக்கிற சாறு ஒன்றே ஒன்று: ரைஃபைசன் மாதிரி ஓர் ஆளைத் தேடிப் பிடியுங்கள்!

யார் அந்த ரைஃபைசன்?

ஜெர்மனியில் வேயர்புஷ் என்கிற மலைப்பாங்கான கிராமப் பகுதியின் மேயர். மேயர் என்றதும் சிவப்பு அங்கி, தங்கச் சங்கிலி என்று கற்பனை செய்துகொள்ள வேண்டாம். நம்ம ஊர் பஞ்சாயத்துத் தலைவர் மாதிரி. 1846-47 குளிர்காலத்தில் விளைச்சல் பொய்த்து, ஊர் பட்டினியில் கிடந்தது. ரைஃபைசன் வசதியானவர்களிடம் பணம் திரட்டினார், மாவு வாங்கினார், ஊர்ப் பொதுவில் ரொட்டி சுட்டார். ரொக்கம் இல்லாதவர்களுக்குக் கடனாகக் கொடுத்தார். பஞ்சம் தாண்டியது.

அப்புறம் வேறு ஊருக்கு மாற்றலானார். அங்கே மாட்டுக் கடன் பிரச்னை. மறுபடி பணக்காரர்களைப் பிடித்து ஒரு சங்கம் ஆரம்பித்தார். ஆனால், தர்மம் செய்கிறவருக்கு ஒரு நாள் அலுத்துப் போகும் இல்லையா? அலுத்துப் போனது. அப்போதுதான் ரைஃபைசனுக்கு ஒரு விஷயம் உறைத்தது. கொடுக்கிறவர் ஒருத்தர், வாங்குகிறவர் இன்னொருத்தர் என்று இருக்கும்வரை இது நிலைக்காது. வாங்குகிறவர்களே சேர்ந்து கொடுக்கிறவர்களாகவும் ஆக வேண்டும். 1864ல் ஹெடஸ்டார்ஃப் என்கிற ஊரில் அப்படி ஒரு கடன் சங்கத்தை உருவாக்கினார்.

அதன் விதிகள் எளிமையானவை. சங்கம் சின்ன எல்லைக்குள் இருக்க வேண்டும், எல்லோரும் எல்லோருக்கும் தெரிந்தவர்களாக இருக்க வேண்டும். நிர்வாகிகளுக்குப் பெரும்பாலும் சம்பளம் கிடையாது. லாபத்தைப் பங்கு போட்டுக்கொள்ளக் கூடாது, பொது நிதியில் சேர்க்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக ஒன்று: சங்கம் கடனில் மூழ்கினால் ஒவ்வொரு உறுப்பினரும் தன் சொத்து முழுவதையும் வைத்துப் பொறுப்பேற்க வேண்டும்.

பி.காம். படித்தவர்கள் முதல் வருஷத்தில் 'அன்லிமிட்டட் லயபிளிட்டி' என்று மனப்பாடம் செய்து, பரீட்சை முடிந்த சாயங்காலமே மறந்திருப்போம். அதன் அர்த்தத்தைக் கிராமத்து பாஷையில் சொல்கிறேன். பக்கத்து வயல்காரன் மாடு வாங்க என்று கடன் வாங்கி, அதைச் சாராயக் கடையில் விட்டால், உங்கள் வீட்டு அண்டாவும் ஏலத்துக்குப் போகும். அப்புறம் அவன் மாட்டுச் சந்தைக்குப் போனானா, சாராயக் கடைக்குப் போனானா என்று நீங்கள் பார்க்காமல் இருப்பீர்களா?

பாங்க் மேனேஜருக்குத் தெரியாத விஷயம் ஊருக்குத் தெரியும். எவன் உழைப்பாளி, எவன் சோம்பேறி, எவன் வாக்குத் தவற மாட்டான், எவன் மகளுக்குக் கல்யாணம் வருகிறது... எல்லாம் டீக்கடை தகவல். அந்தத் தகவலையே ஜாமீனாக மாற்றியதுதான் ரைஃபைசனின் சாமர்த்தியம். நிலம் அடமானம் வைக்க முடியாதவனுக்கும் ஒரு சொத்து இருக்கிறது, அதன் பெயர் நல்ல பெயர்!

நமக்கு இது அடியோடு புதிது என்று சொல்லிவிட முடியாது. பராந்தக சோழன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டில் ஏரி வாரியம் இருக்கிறது. 1872லேயே மயிலாப்பூர் ஃபண்ட் வந்துவிட்டது. ஆனால், ஃபண்டும் நிதியும் பட்டணத்துக்காரர்கள் சமாசாரம். உழுகிறவன் அங்கே படியேற முடியாது.

நிக்கல்சன் அறிக்கை கொஞ்ச காலம் தூங்கியது. 1901ல் எட்வர்ட் லா தலைமையில் ஒரு கமிட்டி உட்கார்ந்து தூசி தட்டியது. 1904 மார்ச்சில், கர்சன் பிரபு வைஸ்ராயாக இருந்தபோது கூட்டுறவுக் கடன் சங்கங்கள் சட்டம் வந்தது. ஒரே ஊரைச் சேர்ந்த பத்துப் பேர் சேர்ந்தால் போதும், சங்கம் பதிவு செய்யலாம். கிராமச் சங்கமென்றால் ஐந்தில் நாலு பேர் விவசாயியாக இருக்க வேண்டும். பொறுப்பு? அதே வரம்பற்ற பொறுப்புதான். ஜெர்மனி மேயரின் சட்டையை அப்படியே நம்ம அளவுக்கு வெட்டித் தைத்திருந்தார்கள்.

அந்தச் சட்டையை முதலில் போட்டுப் பார்த்த ஊர்தான் திரூர்! சட்டம் வந்த அதே 1904ல், அன்றைய செங்கல்பட்டு மாவட்டத்திலிருந்த இந்தக் கிராமத்தில் விவசாயக் கூட்டுறவுக் கடன் சங்கம் பதிவானது. தமிழ்நாட்டின் விவசாயக் கூட்டுறவு இங்கிருந்துதான் வரலாறு எழுத ஆரம்பிக்கிறது. கர்நாடகத்தில் கதக் பக்கத்திலுள்ள கனகினஹாள் கிராமமும் 'நாங்கதான் ஃபர்ஸ்ட்' என்று சொல்லும். அவர்கள் சங்கம் பிறந்தது 1905ல். சண்டை வேண்டாம், இரண்டு ஊருக்கும் ஒரு வணக்கம்.

இரண்டே வருஷத்தில் ஒரு வேடிக்கை நடந்தது. வேடிக்கை என்றால் பலருக்குக் கண்ணீர். 1906 அக்டோபரில் சென்னையில் அர்பத்நாட் கம்பெனி மஞ்சள் கடுதாசி கொடுத்தது. வெள்ளைக்காரக் கம்பெனி, பாறை மாதிரி பலம் என்று நம்பிப் பணம் போட்ட ஆயிரக்கணக்கானவர்கள் தெருவில் நின்றார்கள். சர் பட்டம் வாங்கிய ஜார்ஜ் அர்பத்நாட் ஜெயிலுக்குப் போனார். அந்த அடியில் பிறந்ததுதான் 1907ல் இந்தியன் பாங்க். சர் பட்டத்தை நம்பிய பட்டணம் ஏமாந்தது. பக்கத்து வயல்காரனை நம்பிச் சங்கம் ஆரம்பித்த கிராமங்கள் பெருகிக்கொண்டே போயின.

சரி, இதோடு 'சுபம்' போட்டுவிடலாமா? முடியாது. 'ஊர் கூடி' என்கிறோமே, எந்த ஊர்?

இதே செங்கல்பட்டு மாவட்டத்தில் 1891ல் கலெக்டராக இருந்த டிரமன்ஹீர், தாழ்த்தப்பட்ட மக்களின் நிலை பற்றி ஓர் அறிக்கை எழுதினார். பரம்பரை பரம்பரையாக நிலத்தில் உழைக்கிறவர்களுக்குச் சொந்தமாகக் கால் காணிகூட இல்லை என்பதை எடுத்துச் சொன்னார். அதன் விளைவாக 1892ல் வந்த அரசாணைதான் பஞ்சமி நிலத்துக்கு ஆதாரம். நிலம் கொடுத்தாகிவிட்டது. ஏருக்கும் விதைக்கும்? பக்கத்து வயல்காரனின் நம்பிக்கையே ஜாமீனாக இருக்கும் சங்கத்தில், பக்கத்துத் தெருவில்கூட நடக்க விடாதவனுக்கு யார் ஜாமீன் போடுவார்கள்? நல்ல பெயர் சொத்து என்றேன் அல்லவா... அந்தச் சொத்தையும் ஜாதி பார்த்துத்தான் ஊர் கொடுத்தது.

விற்கக் கூடாது என்று நிபந்தனை போட்டுக் கொடுத்த பஞ்சமி நிலங்கள் பெருமளவு கைமாறிப் போயின. 1994ல் செங்கல்பட்டு அருகே காரணையில் அவற்றை மீட்கப் போராடியவர்கள் மீது போலீஸ் சுட்டதில் இரண்டு பேர் இறந்தார்கள். கூட்டுறவு சரித்திரம் எழுதுகிறவர்கள் இந்தப் பக்கத்தைப் புரட்டுவதே இல்லை.

சுதந்திரம் வந்தது. 'ஐம்பது வருஷமாகச் சங்கம் நடத்துகிறோமே, விவசாயி வாங்குகிற கடனில் சங்கம் கொடுப்பது எவ்வளவு?' என்று ஒரு பெரிய கணக்கெடுப்பு நடத்தினார்கள். கோர்வாலா கமிட்டி. 1954ல் வந்த பதில் எல்லோரையும் தூக்கிவாரிப் போட்டது. நூறு ரூபாய் கடனில் கூட்டுறவு கொடுத்தது சுமார் மூன்று ரூபாய். வட்டிக்காரர்கள் கொடுத்தது சுமார் எழுபது ரூபாய்! கூட்டுறவு தோற்றுவிட்டது, ஆனாலும் அது ஜெயித்தே ஆக வேண்டும் என்பதாக கமிட்டி முடித்தது. எப்படி ஜெயிக்க வைப்பது? அரசாங்கமே பங்குதாரராகச் சேர வேண்டும் என்றது. ரைஃபைசன் ஒதுக்கி வைத்த 'கொடுக்கிற பெரிய மனிதர்' கொல்லைப்புறமாக உள்ளே வந்தார்.

1959 ஜனவரியில் நாக்பூர் காங்கிரஸ் இன்னும் ஒரு படி மேலே போனது. கடன் மட்டும் என்ன, வரப்பையும் எடுத்துவிட்டு எல்லோரும் சேர்ந்தே பயிர் செய்யலாமே என்றது. நேருவின் கனவு அது. எண்பது வயது ராஜாஜிக்குக் கோபம் வந்தது. குடியானவனிடமிருந்து நிலத்தைப் பிரித்தால் அவனிடம் என்ன இருக்கும் என்று கேட்டார். அதே ஆண்டு ஜூனில் சென்னையில் பிறந்தது சுதந்திரா கட்சி. நாக்பூர் தீர்மானம் மெல்லக் கரைந்து போனது. நம் விவசாயி கடனைச் சேர்ந்து வாங்குவார், உரத்தைச் சேர்ந்து வாங்குவார். வரப்பைத் தொட்டால் மட்டும் அண்ணன் தம்பியாக இருந்தாலும் மண்வெட்டி தூக்குவார்!

இதற்கு நடுவழி கிடையாதா? இஸ்ரேலில் பார்த்தார்கள். கிப்புட்ஸில் நிலம், வருமானம் எல்லாமே பொது. அது பிடிக்காத சிலர் 1921ல் நஹலால் என்கிற ஊரை உருவாக்கினார்கள். ஒவ்வொரு குடும்பத்துக்கும் தனி நிலம், தனி வீடு, தனி வருமானம். வாங்குவது, விற்பது, கடன் ஆகியவை மட்டும் கூட்டாக. இந்த மாதிரி கிராமத்துக்கு மோஷாவ் என்று பெயர். ஒருவர் கடனுக்கு ஊரே ஜாமீன். அறுபது வருஷம் பிரமாதமாக ஓடியது. எண்பதுகளில் பணவீக்கம் ராக்கெட்டில் ஏறி, 1985ல் அரசாங்கம் கடிவாளம் போட்டபோது, வட்டி கழுத்தை நெரித்தது. ஒழுங்காகக் கட்டியவர் தலையிலும் கட்டாதவரின் கடன் விடிந்தது. சங்கங்கள் மளமளவென்று சரிந்தன. 1992ல் கடனைக் குறைக்கத் தனிச் சட்டமே போட வேண்டி வந்தது.

ஊர் போடுகிற கையெழுத்து ஊரைத் தூக்கிவிடும், ஒரு சமயம் ஊரையே அமுக்கவும் செய்யும்.

இப்போது நெல் கதைக்கு வருவோம். திரூரின் இரண்டாவது பெருமை.

திரூர்க்குப்பத்தில் ஒரு நெல் ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. அங்கே பிறக்கும் ரகங்களுக்கு இனிஷியல் டி.கே.எம்., அதாவது திரூர்க்குப்பம். அதில் டி.கே.எம். 6 என்று ஒரு ரகம். புகழ் பெற்ற ஜி.இ.பி. 24 நெல்லின் வாரிசு. பார்வைக்குச் சாதாரணம். ஆனால் குருத்துப்பூச்சிக்குச் சுலபத்தில் தலை வணங்காத சாதி.

1966ல் பிலிப்பைன்ஸில் உள்ள சர்வதேச நெல் ஆராய்ச்சி நிறுவனம் ஐ.ஆர். 8 நெல்லை வெளியிட்டது. விளைச்சலில் புலி. பூச்சி, நோயிடம் பூனை. அதைத் தேற்ற எதிர்ப்புச் சக்தி உள்ள நெல்லை உலகமெல்லாம் தேடினார்கள். அப்போது கிடைத்தவற்றில் ஒன்று நம்ம திரூர்க்குப்பம் 6. அதைச் சேர்த்துப் பிறந்ததுதான் 1969ல் வந்த ஐ.ஆர். 20. தமிழ்நாட்டில் ஒரு தலைமுறையே சாப்பிட்டு வளர்ந்த அரிசி! எழுபதுகளில் வந்து, உலகிலேயே அதிகப் பரப்பில் பயிரான ஐ.ஆர். 36 நெல்லின் வம்சாவளியிலும் திரூர்க்குப்பத்து ரத்தம் ஓடுகிறது. மணிலாக்காரரும் ஜகார்த்தாக்காரரும் தெரியாமலே நம்ம செவ்வாப்பேட்டைப் பக்கத்து நெல்லுக்கு உறவினர்கள்.

இரண்டு கதையும் இங்கேதான் கைகோக்கின்றன. புது நெல்லுக்கு யூரியா வேண்டும், மருந்து வேண்டும், அதற்குப் பணம் வேண்டும். கிராமத்தில் அதைக் கொடுக்க நின்றது கூட்டுறவுச் சங்கம். சோளிங்கரிலும் சரி, ஆற்காட்டிலும் சரி, சொசைட்டியில் உரம் வந்துவிட்டதா என்று கேட்காத விவசாயி உண்டா?

இன்று தமிழ்நாட்டில் நாலாயிரத்துக்கும் மேற்பட்ட தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கங்கள் இருக்கின்றன. பயிர்க் கடன், நகைக் கடன், ரேஷன் கடை என்று எல்லாம் அங்கேதான். குறித்த காலத்தில் கட்டினால் பயிர்க் கடனுக்கு வட்டியே இல்லை. ஒன்றரை மூட்டை அளந்த காலத்தை நினைத்துப் பாருங்கள், எவ்வளவு தூரம் வந்திருக்கிறோம்!

தூரம் வந்ததில் ஒன்றை வழியில் தொலைத்தும் இருக்கிறோம்.

2006ல் கலைஞர் முதல்வராகப் பதவியேற்ற மேடையிலேயே 6,866 கோடி ரூபாய் கூட்டுறவுக் கடனைத் தள்ளுபடி செய்து கையெழுத்துப் போட்டார். 2016ல் ஜெயலலிதா, சிறு, குறு விவசாயிகளின் 5,780 கோடி. 2021ல், தேர்தலுக்குச் சற்று முன்னால், எடப்பாடி பழனிசாமி 12,110 கோடி. தள்ளுபடியைக் குறை சொல்வது சுலபம். பயிர் கருகிப்போனவனுக்கு அது தூக்குக் கயிற்றை அறுக்கிற அரிவாள், அதில் சந்தேகமில்லை. ஆனால் கணக்கு நோட்டை நிதானமாகப் பாருங்கள். 1904ல் ஒருவன் கட்டாமல் போனால் பக்கத்து வயல்காரனுக்குத் தூக்கம் போகும். 2021ல்? யாருக்கும் போகாது. அடுத்த தேர்தல் வரை பொறுத்துக்கொள்ளலாம் என்று காத்திருந்தவன் புத்திசாலி, நகையை விற்று நேர்மையாகக் கட்டியவன் இளிச்சவாயன். நிர்வாகக் குழுவே இல்லாமல் தனி அலுவலர்கள் மட்டும் பல ஆண்டுகள் சங்கங்களை நடத்திய சரித்திரமும் நமக்கு உண்டு. உறுப்பினருக்குச் சங்கம் 'நம்ம சங்கம்' ஆக இல்லாமல் இன்னொரு கவர்ன்மென்ட் ஆபீஸ் ஆகிவிட்டது.

இன்னொரு பக்கமும் இருக்கிறது. பட்டா இல்லாதவர், வாய்மொழிக் குத்தகைக்காரர், கூலிக்காரர்... இவர்களில் பெரும்பாலோர் பயிர்க் கடன் வரிசையிலேயே இல்லை. தள்ளுபடி செய்யக்கூட அவர்கள் பெயரில் கடன் இருக்காது. அவர்கள் போகிற திண்ணை இன்றும் அதே திண்ணைதான். 2003ல் தமிழ்நாட்டில் கந்துவட்டித் தடைச் சட்டம் வந்தது. 2017ல் திருநெல்வேலி கலெக்டர் ஆபீஸ் வாசலில் கந்துவட்டிக் கொடுமை தாங்காமல் ஒரு கூலித் தொழிலாளி, மனைவி, இரண்டு பெண் குழந்தைகளோடு தீயில் கருகிப்போனார். நிக்கல்சன் அறிக்கை கொடுத்து அப்போது நூற்றிருபது வருஷம் ஆகியிருந்தது.

அடுத்த தடவை அந்த ரூட்டில் மின்சார ரயிலில் போனால், செவ்வாப்பேட்டை ரோடு வரும்போது ஒரு நிமிஷம் போனைக் கீழே வையுங்கள். அந்தப் பக்கம் ஒரு கிராமத்தில், ஒருத்தன் கடனுக்கு இன்னொருத்தன் சொத்தை ஜாமீனாக வைத்துச் சில விவசாயிகள் கையெழுத்துப் போட்டார்கள். உங்கள் அபார்ட்மென்ட்டில், உங்கள் தெருவில், யாருக்காக நீங்கள் அப்படிப் போடுவீர்கள்? உங்களுக்காக யார் போடுவார்கள்?